பள்ளிச் சீர்திருத்தம் பற்றிப் படம் எடுத்தேன். கைதட்டல் வந்தது, விவாதம் வரவில்லை

கேள்வி: கரும்பலகை

அனைவருக்கும் வணக்கம். உயர்நிலை வகுப்புகளுக்கு அறிவியல் கற்பிக்கும் ஆசிரியை நான். பணியில் சேர்ந்து 19 ஆண்டுகள் ஆகின்றன. தேர்வு முடிந்ததும் மாணவர்களின் பெயர்களை மதிப்பெண் வரிசைப்படி வகுப்பில் உரக்க வாசிக்கும் வழக்கம் எங்கள் பள்ளியில் இன்றும் இருக்கிறது. முதல் ஐந்து பெயர்களுக்குக் கைதட்டுவார்கள். கடைசி ஐந்து பெயர்கள் வரும்போது வகுப்பு எப்படி இருக்கும் என்பதை இங்கு யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. இந்த வழக்கத்தில் தொடங்கி, மதிப்பிடும் முறை, வீட்டுப்பாடத்தின் அளவு, பாடவேளைகளைப் பங்கிடும் விதம் என்று பள்ளியில் மாற வேண்டியவை எவை என நான் கருதுகிறேனோ அவற்றையெல்லாம் தொகுத்து, விடுமுறை நாள்களில் கைப்பேசியிலேயே 22 நிமிட ஆவணப்படம் ஒன்றை எடுத்தேன்.

அதை மூன்று முறை மக்கள் முன் வைத்தேன். முதலில் பெற்றோர் கூட்டத்தில் திரையிட்டேன். நன்றாகக் கைதட்டினார்கள், இரண்டு தாய்மார்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள், பிறகு நாற்காலிகளை அடுக்கும் ஓசைதான் கேட்டது. அடுத்து ஆசிரியர் ஓய்வறையில் சக ஆசிரியர்களுக்குப் போட்டுக் காட்டினேன். ஒருவரும் வாய் திறக்கவில்லை. கடைசியாக இணையத்தில் ஏற்றியபோது, ஒரு சிறுவன் தலை குனிந்து நிற்கும் 40 வினாடிக் காட்சியை மட்டும் யாரோ வெட்டி எடுத்து வாட்ஸ்ஆப் குழுக்களில் சுற்ற விட்டார்கள். அதன் கீழே குவிந்த கருத்துகளில் பாதி ஆசிரியர்களைத் திட்டுகின்றன, மீதி பெற்றோர்களைத் திட்டுகின்றன. மதிப்பீட்டு முறையைப் பற்றி ஒரே ஒரு வரியைத் தேடினேன், கிடைக்கவில்லை.

என் கேள்வி இதுதான். பள்ளி எப்படி மாற வேண்டும் என்ற பேச்சை ஊடகத்தின் வழியே தொடங்கி, அந்தப் பேச்சைப் பள்ளி எடுக்கும் ஒரு முடிவு வரைக்கும் கொண்டுபோய்ச் சேர்த்த அனுபவம் உங்களில் யாருக்காவது உண்டா? படம் சரியில்லை என்று சொன்னாலும் வருந்த மாட்டேன். படத்தின் இணைப்பைக் கேட்பவர்களுக்குத் தனியே அனுப்புகிறேன்.

பதில்: ஒலிவாங்கி

டீச்சருக்கு வணக்கம். சமுதாய வானொலி ஒன்றில் நிகழ்ச்சி தயாரிப்பவன் நான். உங்கள் படத்தை நான் பார்க்கவில்லை. ஆனால் கைதட்டலும் அதன் பிறகு நாற்காலி ஓசையும் என்று நீங்கள் எழுதியதைப் படித்ததும், குறை படத்தில் மட்டும் இல்லை, படம் முடிந்த பிறகு என்ன நடக்க வேண்டும் என்று ஏற்பாடு செய்யாததிலும் இருக்கிறது என்று தோன்றியது.

எங்கள் தொழிலில் பழைய முன்மாதிரி ஒன்று உண்டு. கனடாவில் 1941 முதல் 1965 வரை தேசியப் பண்ணை வானொலி மன்றம் என்ற ஒன்று நடந்தது. குளிர்காலத்தில், நவம்பர் முதல் மார்ச் வரை, திங்கட்கிழமை இரவுகளில் அக்கம்பக்கத்து விவசாயிகள் யாராவது ஒருவர் வீட்டில் கூடுவார்கள். அன்றைய பொருளைப் பற்றிய அச்சிட்ட குறிப்பு முன்கூட்டியே தபாலில் வந்திருக்கும். அரை மணி நேர ஒலிபரப்பைக் கேட்பார்கள். கேட்டு முடித்ததும் குறிப்பில் கொடுத்திருந்த கேள்விகளை ஒவ்வொன்றாக எடுத்துப் பேசுவார்கள். குழுவின் செயலர் அவர்கள் சொன்னதைத் தாளில் எழுதி மாகாண அலுவலகத்துக்கு அனுப்புவார். பல குழுக்களின் கருத்தும் தொகுக்கப்பட்டு மறுபடியும் வானொலியிலேயே சொல்லப்படும். ‘படி, கேள், விவாதி, செயல்படு’ என்பதுதான் அவர்களுடைய முழக்கம். இதே முறையை 1956 இல் யுனெஸ்கோவின் துணையோடு அகில இந்திய வானொலி பூனாவைச் சுற்றிய மாவட்டங்களில் ஏறத்தாழ 150 சிற்றூர்களில் சோதித்துப் பார்த்து, பின்னர் நாடு முழுவதற்கும் விரிவாக்கியது.

இதில் கவனிக்க வேண்டியது என்னவென்றால், ஒலிபரப்பு முடிந்த பிறகுதான் மன்றத்தின் வேலையே தொடங்குகிறது. யார் பேச வேண்டும், எந்தக் கேள்விக்குப் பேச வேண்டும், பேசியது எங்கே போய்ச் சேரும் என்ற மூன்றும் ஒலிபரப்புக்கு முன்பே தீர்மானமாகியிருக்கும். நீங்கள் 22 நிமிடப் படத்துக்குச் செலவிட்ட உழைப்பில் பத்தில் ஒரு பங்கையாவது இந்த மூன்றுக்கும் செலவிட்டீர்களா என்பதை உங்களிடமே விட்டுவிடுகிறேன்.

என் சொந்த அனுபவம் ஒன்றையும் சொல்கிறேன். வீட்டுப்பாடத்தைப் பற்றி நேயர்கள் தொலைபேசியில் பேசும் நேரலை ஒன்றை நடத்தினோம். முதலில் பேசியவர் ஆசிரியர்களைக் குறை சொன்னார். அடுத்து வந்த எட்டுப் பேரும் அதே தடத்திலேயே ஓடினார்கள். நேரலையில் முதல் அழைப்பு எந்தச் சுருதியில் இருக்கிறதோ அந்தச் சுருதியை யாரும் மாற்றுவதில்லை. சில வாரங்கள் கழித்து அதே நிகழ்ச்சியின் பதிவை மூன்று வீடுகளில், வீட்டுக்கு எட்டுப் பேரைக் கூட்டிவைத்துப் போட்டுக் காட்டினோம். ‘வீட்டுப்பாடம் இல்லாமல் போனால் நீங்கள் எதை இழப்பீர்கள்?’ என்ற ஒரே கேள்வியைக் கேட்டோம். எழுதப் படிக்கத் தெரியாத ஒரு பாட்டி சொன்னார்: ‘பேரன் ராத்திரி நோட்டைத் திறந்து வைத்துக்கொண்டு சத்தமாகப் படிக்கும்போதுதான் பள்ளிக்கூடத்தில் என்ன நடக்கிறது என்று எனக்குத் தெரிகிறது; அதையும் எடுத்துவிட்டால் எனக்குத் தெரிய வேறு வழி ஏது?’ வீட்டுப்பாடத்தைக் குறைக்க வேண்டும் என்று கேட்டுக்கொண்டிருந்த எங்களில் ஒருவருக்கும் அந்தக் கோணம் தோன்றியிருக்கவில்லை. அந்தப் பதிவை நான் இன்னும் வைத்திருக்கிறேன்.

ஆகவே ‘கல்வி முறை மாற வேண்டுமா?’ என்று கேட்காதீர்கள். ஆமாம் என்று சொல்லிவிட்டு எல்லாரும் வீட்டுக்குப் போய்விடுவார்கள். ‘அடுத்த பருவத் தேர்வு முடிவை வகுப்பில் வாசிக்காமல் தனித்தனியே கொடுத்தால் நாம் எதை இழப்போம்?’ என்று கேட்டுப் பாருங்கள். பழைய வழக்கத்தை விரும்புகிறவர்களுக்கும் அதில் பேச இடம் இருக்கிறது.

பதில்: வெட்டுமேசை

இணைப்பை அனுப்பியதற்கு நன்றி. படத்தை இரண்டு முறை முழுதாகப் பார்த்தேன். படத்தொகுப்பு என் தொழில் என்பதால் கொஞ்சம் கறாராகவே எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

உங்கள் படம் நன்றாக இருக்கிறது. விவாதம் வராததற்குக் காரணமும் அதுவேதான். பார்ப்பவர் யோசிக்கத் தொடங்கும் ஒவ்வோர் இடத்திலும் உங்கள் குரல் முந்திக்கொண்டு விடையைச் சொல்லிவிடுகிறது. ஒன்பதாம் நிமிடத்தில் ஆசிரியர் பெயர்களை வாசிக்கிறார், கேமரா மெல்ல நகர்ந்து அந்தச் சிறுவனிடம் போகிறது, புல்லாங்குழல் வருகிறது. புல்லாங்குழல் வந்துவிட்டால் அதற்கு மேல் ஒருவர் எழுந்து, ‘இல்லை, வரிசைப்படுத்துவதால்தான் என் மகள் படித்தாள்’ என்று எப்படிச் சொல்வார்? சொன்னால் கல்நெஞ்சக்காரர் ஆகிவிடுவாரே. பெற்றோர்கள் அழுதது உண்மையாக இருக்கலாம். ஆனால் அழுதவர்கள் வாதாடுவதில்லை.

ஒரு பக்கச் சார்பான படம் எப்படிப்பட்ட விவாதத்தைக் கிளப்பும் என்பதற்கு அமெரிக்காவில் ஓர் எடுத்துக்காட்டு இருக்கிறது. 2010 இல் டேவிஸ் குகன்ஹைம் இயக்கிய ‘வெயிட்டிங் ஃபார் சூப்பர்மேன்’ என்ற ஆவணப்படம், அரசு நிதியில் தனி நிர்வாகத்தோடு நடக்கும் சார்ட்டர் பள்ளிகளில் இடம் கிடைக்குமா என்று குலுக்கலில் காத்திருக்கும் குழந்தைகளைக் காட்டியது. ஆசிரியர் சங்கங்களைத் தடைக்கல்லாகச் சித்திரித்தது. நாடெங்கும் பேசப்பட்டது என்பதில் ஐயமில்லை. அடுத்த ஆண்டே நியூயார்க்கைச் சேர்ந்த ஆசிரியர்களும் பெற்றோர்களும் சேர்ந்து அதற்கு மறுப்பாக வேறொரு படம் எடுத்தார்கள். ஆக, இரண்டு படங்கள், இரண்டு அரங்கங்கள். இந்த அரங்கத்தில் உட்கார்ந்தவர் அந்த அரங்கத்தில் உட்காரவில்லை. இதை வெற்றி என்று சொல்வோரும் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை.

இதற்கு நேர்மாறான வேலை 1967 இல் நியூஃபவுண்ட்லாந்தின் ஃபோகோ தீவில் நடந்தது. கனடாவின் தேசியத் திரைப்பட வாரியத்தைச் சேர்ந்த காலின் லோ அந்தத் தீவு மக்களின் பேச்சையும் வாழ்வையும் 27 குறும்படங்களாக எடுத்தார். மீன்பிடித் தொழில் நலிந்து, தீவைக் காலி செய்துவிட்டு வேறிடம் போய்விடலாமா என்ற பேச்சு எழுந்திருந்த காலம் அது. அவற்றை ஒரே நீண்ட படமாகக் கோத்து ஒரு வாதமாக்க அவர் முயலவில்லை. ஒரு மனிதர் ஒரு விஷயம் பேசுகிறார், அத்தோடு அந்தப் படம் முடிந்துவிடுகிறது. பேசியவருக்கே முதலில் போட்டுக் காட்டினார்கள், வேண்டாம் என்று அவர் சொன்னதை நீக்கினார்கள். பிறகு தீவின் மற்ற ஊர்களில் திரையிட்டார்கள். ஒருவரையொருவர் நேரில் பார்த்துப் பேசத் தயங்கியவர்கள் திரையில் பேசக் கேட்டார்கள். அதற்குப் பிறகே படங்கள் ஆட்சியாளர்களிடம் போயின. மீன்வள அமைச்சர் சொன்ன பதிலும் படமாக்கப்பட்டுத் தீவுக்குத் திரும்பி வந்தது. மக்கள் மீனவர் கூட்டுறவுச் சங்கம் அமைத்தார்கள், தீவைவிட்டுப் போகவில்லை. எல்லாமே படத்தால் நடந்தது என்று சொன்னால் மிகை. ஆனால் கேள்வியும் பதிலும் ஒரே பாதையில் போய் வந்ததற்குப் படம் உதவியது.

நான் உங்கள் இடத்தில் இருந்தால் செய்வது இதுதான்: 22 நிமிடத்தை அலமாரியில் வைத்துவிட்டு, அதிலிருந்து நான்கு நிமிடத்தை மட்டும் எடுப்பேன். ஆசிரியர் தாளைக் கையில் எடுக்கிறார், மேசையில் தட்டி நேராக்குகிறார், வகுப்பு அடங்குகிறது, முதல் பெயரை வாசிக்க வாய் திறக்கிறார். அங்கே வெட்டு. இசை வேண்டாம், உங்கள் குரலும் வேண்டாம். தாளைத் தட்டும் அந்த ஓசை உங்கள் பதிவில் தெளிவாக விழுந்திருக்கிறது. அதைக் கேட்ட எவருக்கும் தான் படித்த வகுப்பு நினைவுக்கு வந்துவிடும். அடுத்து என்ன நடக்கும் என்பதைப் பார்ப்பவர்களே சொல்லட்டும், ஆளாளுக்கு வேறு வேறாகத்தான் சொல்வார்கள்.

பதில்: மணியோசை

முந்தைய இருவரும் எழுதியதைப் பயனுள்ளது என்றே கருதுகிறேன். என்றாலும் அடிப்படையில் எனக்கு ஒரு மாறுபாடு உண்டு. தலைமை ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்றவன் நான். ஆசிரியர் ஓய்வறையில் ஒருவரும் வாய் திறக்கவில்லை என்று இந்த அம்மையார் எழுதியிருக்கிறார். அந்த மௌனத்தை அக்கறையின்மை என்று அவர் எடுத்துக்கொண்டதாகத் தெரிகிறது. தாளைக் கையில் வைத்திருக்கும் அந்த ஆசிரியர் அந்த அறையில்தானே உட்கார்ந்திருந்திருப்பார்? தன்னோடு தேநீர் குடிக்கும் ஒருவரைக் குற்றவாளிக் கூண்டில் நிறுத்திவிட்டு, மற்றவர்களைக் கருத்துச் சொல்லும்படி கேட்டால், அவர்கள் மௌனமாக இருப்பதே நாகரிகம்.

பிரிட்டனில் 1976 அக்டோபர் 18 அன்று பிரதமர் ஜேம்ஸ் கலஹன் ஆக்ஸ்ஃபோர்டில் உள்ள ரஸ்கின் கல்லூரியில் ஆற்றிய உரையைத் தொடர்ந்து, பள்ளிக்கல்வி பற்றிய ‘பெரும் விவாதம்’ தொடங்கியது. 1977 தொடக்கத்தில் எட்டு வட்டார மாநாடுகள் கூட்டப்பட்டன. அதே மார்ச் மாதம் பிபிசியின் பனோரமா நிகழ்ச்சி லண்டன் பள்ளி ஒன்றின் வகுப்பறைகளுக்குள் நுழைந்து, கட்டுப்பாடில்லாத வகுப்புகளையும் அவற்றைச் சமாளிக்கத் திணறும் ஆசிரியர்களையும் காட்டியது. பள்ளிகள் எப்படி மாற வேண்டும் என்று பேசியிருக்க வேண்டியவர்கள், அந்த ஒரு பள்ளியை அப்படிக் காட்டியது நியாயமா என்று பேசத் தொடங்கினார்கள். நாடு தழுவிய பாடத்திட்டம் சட்டமானது 1988 இல். இடையில் 12 ஆண்டுகள், ஆட்சியும் மாறிவிட்டது. கேமரா வேகமானது, பள்ளி மெதுவானது. இதைக் குறையாகச் சொல்லவில்லை. பள்ளி என்றால் மெதுவாகத்தான் மாறும், சில வேளைகளில் அப்படி இருப்பது நல்லதும்கூட.

என் ஆலோசனை: ஊடகத்துக்குப் போவதற்கு முன் அந்த ஆசிரியரிடம் போங்கள். அவர் ஏன் உரக்க வாசிக்கிறார் என்று கேளுங்கள். கேமரா இல்லாமல் கேளுங்கள். மாற்றத்தை நடைமுறைப்படுத்தப் போகிறவர் அவர்தான். கைதட்டிய பெற்றோர்கள் இல்லை. அவருடைய மறுப்பு உங்கள் படத்தில் முழுமையாக இடம்பெறாதவரை, வெட்டுமேசை நண்பர் சொல்லும் நான்கு நிமிடமும் மென்மையான குற்றப்பத்திரிகையாகத்தான் இருக்கும். இதைத் தவிர, தான் பணியாற்றும் நிறுவனத்தைப் பற்றி ஆசிரியர் பொதுவெளியில் பேசுவதற்குப் பணி விதிகளில் என்ன இடம் இருக்கிறது என்பதை முதலில் படித்துவிடுங்கள். துணிச்சல் வேறு, விதி தெரியாமல் மாட்டிக்கொள்வது வேறு.

பதில்: எழுத்துப்பெட்டி

ஒருவரும் அந்தச் சிறுவனைப் பற்றிக் கேட்கவில்லையே என்றுதான் இதை எழுதுகிறேன். 40 வினாடியில் சுற்றிக்கொண்டிருப்பது அவனுடைய முகம். அவனிடமும் அவன் பெற்றோரிடமும் அனுமதி வாங்கியிருப்பீர்கள். ஆனால் எதற்கு வாங்கினீர்கள்? 22 நிமிடப் படத்துக்கு. வாட்ஸ்ஆப்பில் தனியே அலையும் துண்டுக்கு அவன் எப்போது சம்மதித்தான்?

நான் வகுப்பில் மாணவர் இதழ் நடத்துகிறேன். இந்த வழியைத் திறந்துவிட்ட செலஸ்தின் ஃப்ரேனே என்ற பிரெஞ்சு ஆசிரியர் 1920களில் தம் வகுப்பறைக்குள் சிறிய அச்சுப்பொறியைக் கொண்டுவந்து, பிள்ளைகள் தாங்களே எழுதியதைத் தாங்களே அச்சுக்கோத்து வேறு ஊர்ப் பள்ளிகளுக்கு அனுப்பச் செய்தார். சீர்திருத்தம் வேண்டும் என்று மேடையில் பேசுவதைவிட, சீர்திருந்திய வகுப்பு எப்படி இருக்கும் என்பதை அந்த இதழ்களே காட்டின. ஆனால் 1932 இல் என்ன நடந்தது தெரியுமா? மாணவன் ஒருவன் தான் கண்ட கனவைப் பற்றி எழுதியிருந்தான். அந்த ஊர் மேயரைக் கொல்வதாக வந்த கனவு. ஃப்ரேனேயின் எதிர்ப்பாளர்கள் அதைச் சுவரொட்டியாக அடித்து ஊரெல்லாம் ஒட்டினார்கள். கடைசியில் அவர் அரசுப் பள்ளியை விட்டு வெளியேற நேர்ந்தது. 1935 இல் வான்ஸ் நகரில் தம் சொந்தப் பள்ளியைத் திறந்தார். வெட்டி ஒட்டிச் சுற்ற விடுவதற்கு வாட்ஸ்ஆப் தேவைப்படவில்லை, பசையும் வாளியுமே போதுமாக இருந்தன. எழுதிய பிள்ளைக்கு அந்தச் சுவர்களைக் கடந்து பள்ளிக்கு நடந்து போவது எப்படி இருந்திருக்கும் என்று நான் அடிக்கடி நினைத்துக்கொள்வேன்.

ஆகவே முகம் வேண்டாம். கையைக் காட்டுங்கள், காலணியைக் காட்டுங்கள், குரலை மட்டும் கேட்க விடுங்கள். பிள்ளைகள் பெயர் போடாமல் எழுதிய நான்கு வரிகளைப் பெரியவர் ஒருவர் வாசிப்பது அதைவிட வலிமையாக இருக்கும். எங்கள் இதழில் அப்படித்தான் செய்கிறோம்.

கேட்டவரின் பின்குறிப்பு: கரும்பலகை

எல்லாருக்கும் நன்றி. உடனே எழுதாததற்குக் காரணம், எழுதுவதற்கு முன் சிலவற்றைச் செய்துவிட்டு வரலாம் என்று நினைத்தேன்.

படத்தை இணையத்திலிருந்து எடுத்துவிட்டேன். சுற்றிவிட்ட துண்டை என்னால் திரும்பப் பெற முடியாது. அந்த மாணவனின் வீட்டுக்குப் போய் மன்னிப்புக் கேட்டேன். அவனுடைய தாயார் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. அவன் மட்டும் நான் இருந்தவரை அறையை விட்டு வெளியே வரவில்லை.

மணியோசை ஐயா சொன்னபடி அந்த ஆசிரியரிடம் பேசினேன். அவர் கணக்காசிரியர், என்னைவிட மூத்தவர். ஏன் உரக்க வாசிக்கிறீர்கள் என்று கேட்டதற்கு அவர் சொன்ன விடையை நான் எதிர்பார்க்கவில்லை. தனித்தனியே கொடுத்த காலத்தில் சில பிள்ளைகள் விடைத்தாளை வீட்டில் காட்டாமலே மறைத்துவிட்டார்களாம். வகுப்பில் வாசித்தால் எப்படியும் பக்கத்து வீட்டுப் பிள்ளை வழியாகச் செய்தி வீட்டுக்குப் போய்விடும் என்றார். அதாவது, அவருக்குத் தேவைப்பட்டது பெற்றோருக்குச் செய்தி போய்ச் சேரும் ஒரு வழி. 19 ஆண்டுகள் ஒரே ஓய்வறையில் உட்கார்ந்தும் நான் இதைக் கேட்டதில்லை. இதையே கேமரா முன் சொல்வீர்களா என்று கேட்டேன். முகம் தெரியக் கூடாது, குரல் மட்டும் என்றால் சரி என்றார்.

இப்போது படம் நான்கு நிமிடம் பத்து வினாடி: தாளைத் தட்டும் ஓசை, வெட்டு, கறுப்புத் திரையில் அவருடைய குரல், பிறகு மாணவர்கள் பெயரில்லாமல் எழுதிய வரிகளை எங்கள் நூலகர் வாசிக்கிறார். சென்ற வெள்ளிக்கிழமை 11 பேரை அழைத்துத் திரையிட்டேன்; ஐந்து ஆசிரியர்கள், ஆறு பெற்றோர்கள். ஒலிவாங்கி அவர்கள் சொன்ன அதே கேள்வியைக் கரும்பலகையில் எழுதிவைத்தேன். யாரும் கைதட்டவில்லை. 50 நிமிடம் பேசினார்கள், இரண்டு இடங்களில் குரல் உயர்ந்தது. எடுத்த குறிப்பைத் தலைமை ஆசிரியரிடம் கொடுத்து, ஒப்பம் வாங்கிக்கொண்டேன். எழுத்தில் பதில் தருவதாகச் சொல்லியிருக்கிறார்.

ஒரே ஒரு சிக்கல் இருக்கிறது. உரக்க வாசிக்கும் வழக்கத்தை நிறுத்த வேண்டாம் என்று மிக உறுதியாகச் சொன்னவர், பெற்றோர் கூட்டத்தில் கண்ணைத் துடைத்துக்கொண்ட அந்த இரண்டு தாய்மார்களில் ஒருவர். அடுத்த அமர்வில் அவரையே தலைமை தாங்கச் சொல்லலாமா என்று யோசிக்கிறேன். அப்படிச் செய்து பார்த்தவர்கள் யாராவது இருந்தால் எழுதுங்கள்.